அந்தப் பக்கம் போக வழி இருக்கிறதா?



இரண்டு மாதத்துக்கு முன் ஞாயிறு வகுப்பில் நான் ஒரு தப்புப் பண்ணிவிட்டேன். அதைச் சரி செய்யத்தான் இந்த மாதப் பாடத்தை நானே கேட்டு வாங்கி எழுதுகிறேன்.

அன்றைக்கு சி ரூசா கோயில் மண்டபத்தில் திருவாசக வகுப்பு. நல்ல மழை. பதினைந்து பேர்தான் வந்திருந்தார்கள், அதிலும் பாதிப் பேர் கண் கைப்பேசியில். கவனத்தைத் திருப்பணுமே என்று விடுமுறையில் பார்த்த ஒரு காணொளியைச் சொல்ல ஆரம்பித்தேன். "நாசா இணைப் பிரபஞ்சத்தைக் கண்டுபிடிச்சிருச்சு, தெரியுமா? அங்க காலம் பின்னோக்கி ஓடுதாம். நம்ம மாணிக்கவாசகர் அப்பவே சொல்லிட்டாரு, நூத்தியொரு கோடிக்கு மேல அண்டம் இருக்குன்னு." கைப்பேசிகள் கீழே போயின. எனக்கோ உற்சாகம் தாங்கவில்லை. இந்த உலகத்தில் எடுக்காத முடிவை எல்லாம் இன்னொரு உலகத்தில் எடுத்திருப்போம், அங்கே நீங்க எல்லாரும் எஸ்.பி.எம்.ல எல்லாப் பாடத்துக்கும் ஏ, நான் மட்டும்தான் இங்கே இப்படி, என்று என்னென்னவோ சொன்னேன். எல்லாரும் சிரித்தார்கள்.

வகுப்பு முடிந்து பாய் சுருட்டும்போது படிவம் 2 படிக்கும் ஒரு தங்கச்சி பக்கத்தில் வந்தாள். போன வருஷம் அப்பாவை இழந்தவள்.

"அண்ணே, அப்படின்னா ஏதாவது ஒரு உலகத்துல எங்கப்பா அன்னைக்கு வேலைக்குப் போயிருக்க மாட்டாங்கல்ல?"

"தியரிப்படி ஆமா" என்றேன்.

"அங்க போக வழி இருக்கா?"

"இன்னும் கண்டுபிடிக்கல. ஒரு நாளைக்குக் கண்டுபிடிப்பாங்க."

இவ்வளவுதான் பேச்சு. அவசரமாக வேறு இருந்தேன், பேருந்து பிடிக்கணும். இரண்டு வாரம் கழித்து அவள் அம்மா என்னைக் கூப்பிட்டுச் சொன்னபோதுதான் விஷயம் புரிந்தது. பிள்ளை ராத்திரியில் தூங்குவதே இல்லை. மனசாலேயே வேறு உலகத்துக்கு மாறிப் போகலாம் என்று சொல்லிக் கொடுக்கும் காணொளிகளைப் பார்த்து, மல்லாந்து படுத்து நூறு வரைக்கும் எண்ணி, அசையாமல் கிடக்கிறாளாம். "கேட்டா நீங்கதான் சொன்னீங்கன்னு சொல்றா தம்பி" என்றார் அந்த அம்மா. கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

(இதை எழுதுவதற்கு அவர்கள் இரண்டு பேரும் சரி என்று சொல்லியிருக்கிறார்கள்.)

நான் படிப்பது இயந்திரப் பொறியியல், மூன்றாம் ஆண்டு. பாய்மமும் வெப்பமும்தான் எங்கள் பாடு. சார்பியல் எங்கள் பாடத்திட்டத்தில் கிடையாது. ஆனால் சொன்ன வாய் நம்முடையது ஆச்சே. பல்கலைக்கழக நூலகத்தில் உட்கார்ந்து படித்தேன். புரியாத இடங்களில் இயற்பியல் படிக்கும் நண்பனை இரவு நேரத்தில் எழுப்பித் தொல்லை கொடுத்தேன். அவள் கேட்ட இரண்டாவது கேள்வி, அதாவது வழி இருக்கிறதா என்பது, பெரிய பெரிய ஆட்கள் உட்கார்ந்து கணக்குப் போட்ட கேள்வி என்று அப்போதுதான் தெரிந்தது. அதில் நம்ம ஆள் ஒருவரும் இருக்கிறார்.

நாசா என்ன கண்டுபிடித்தது?

முதலில் அந்தக் காணொளி. 2020 மே மாதம், நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை இருந்த சமயம், இதே செய்தி புலனத்தில் எல்லாக் குழுவிலும் சுற்றியது. உங்க வீட்டுக் குழுவிலும் வந்திருக்கும். நடந்த கதை வேறு.

அண்டார்டிகாவில் அனிட்டா என்று ஓர் ஆய்வு. ஒரு ராட்சத பலூனில் வானொலி அலைகளைப் பிடிக்கும் ஆண்டெனாக்களைக் கட்டி, ஏறக்குறைய 37 கிலோமீட்டர் உயரத்தில் பனிப்பாறைக்கு மேலே மிதக்கவிடுவார்கள். விண்வெளியிலிருந்து வரும் நியூட்ரினோ என்ற நுண்துகள் பனியில் மோதினால் சின்னதாக ஒரு வானொலித் துடிப்பு எழும். அதைப் பிடிக்கத்தான் இந்த ஏற்பாடு. 2006இல் கிளம்பிய பறத்தலிலும் 2014இல் கிளம்பிய பறத்தலிலும் ஆளுக்கொன்றாக ஒரு விசித்திரத் துடிப்பு பதிவானது. மேலேயிருந்து வந்து பனியில் பட்டுத் திரும்பியது போல இல்லாமல், தரைக்குள்ளிருந்து புறப்பட்டு மேலே வந்தது போல இருந்தது. அவ்வளவு ஆற்றல் உள்ள துகள் பூமியை அவ்வளவு தூரம் துளைத்து வர முடியாது. அதனால் குழப்பம்.

இதற்குச் சம்பந்தமில்லாமல் 2018இல் பாயில், ஃபின், டூரோக் என்ற மூன்று பேர் ஒரு கருதுகோள் வெளியிட்டார்கள். பெருவெடிப்பு நம் பிரபஞ்சத்தோடு சேர்த்து அதன் கண்ணாடி பிம்பம் போல இன்னொன்றையும் தந்திருக்கலாம், அதில் காலம் எதிர்ப்பக்கம் ஓடும் என்பது அதன் சாரம். அந்தக் கருதுகோளில் வரும் ஒரு கனமான நியூட்ரினோ அனிட்டா துடிப்புக்குக் காரணமாக இருக்குமோ என்று சிலர் கேட்டுப் பார்த்தார்கள். 2020இல் ஓர் அறிவியல் இதழ் இதைப் பற்றி எழுத, அதை எடுத்து மஞ்சள் பத்திரிகைகள் "நாசா கண்டுபிடித்தது" என்று தலைப்புப் போட்டன. அதற்குப் பல மாதம் முன்பே, அதே ஆண்டு ஜனவரியில், தென் துருவத்துப் பனிக்கு அடியில் இருக்கும் ஐஸ்கியூப் கருவியின் குழு அந்தத் திசைகளைத் தேடிப் பார்த்துவிட்டு, அங்கிருந்து அப்படிப்பட்ட நியூட்ரினோ எதுவும் வரவில்லை என்று அறிக்கை கொடுத்திருந்தது. அது யார் வீட்டுக் குழுவிலும் சுற்றவில்லை. அனிட்டா ஆய்வாளர்கள் யாரும் இணைப் பிரபஞ்சத்தைக் கண்டோம் என்று சொல்லவே இல்லை.

ஆக, நான் சொன்ன முதல் வாக்கியமே பொய். தெரிந்து சொல்லவில்லை என்பது ஒரு சமாதானம்தான்.

கிளை பிரியும் உலகங்கள்

"எடுக்காத முடிவை எல்லாம் இன்னொரு உலகத்தில் எடுத்திருப்போம்" என்று விட்டேனே, அது எங்கிருந்து வந்தது? அமெரிக்காவில் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஹியூ எவரெட் என்ற மாணவர் 1957இல் முடித்த முனைவர் ஆய்வு அது. ஓர் எலெக்ட்ரான் இங்கேயும் இருக்கலாம், அங்கேயும் இருக்கலாம் என்று குவாண்டம் சமன்பாடு சொல்கிறது. அளந்து பார்த்தால் ஓர் இடத்தில்தான் இருக்கிறது. மற்றது என்ன ஆச்சு? எங்கேயும் போகவில்லை, இரண்டுமே நடந்தது, அளந்த ஆளும் சேர்ந்து இரண்டு கிளையாகப் பிரிந்துவிட்டார், இது எவரெட்டின் பதில். அன்றைக்கு அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மனிதர் இயற்பியலையே விட்டுவிட்டு இராணுவ ஆய்வு வேலைக்குப் போய்விட்டார். இன்றைக்கு அதை நம்பும் இயற்பியலாளர் பலர் உண்டு, நம்பாதவரும் பலர் உண்டு. அது ஒரு விளக்கம். நிரூபிக்கப்பட்ட செய்தி இல்லை.

இந்த விளக்கத்தை நம்பினால்கூட, அதே சமன்பாடு இன்னொன்றையும் சொல்கிறது. காணொளிக்காரர்கள் சொல்லாமல் விடுவது இதைத்தான். தெலுக் கெமாங் கடற்கரையில் நின்று பார்த்திருப்பீர்கள். படகு கிளப்பிய அலை ஒரு பக்கமிருந்து வரும், காற்று கிளப்பிய அலை இன்னொரு பக்கமிருந்து வரும். இரண்டும் சந்திக்கும் இடத்தில் தண்ணீர் கொஞ்சம் கூடக் குறைய எழும்பும். அப்புறம் ஒன்றை ஒன்று பார்க்காதது போல அது அது தன் வழியில் போய்விடும். குவாண்டம் சமன்பாடும் அந்த ஜாதி. ஒரு கிளை இன்னொரு கிளையைத் தள்ளவோ இழுக்கவோ செய்யாது. ஒரே ஓர் எலெக்ட்ரான் என்றால் இரண்டு கிளையையும் மறுபடி சந்திக்க வைக்கலாம், ஆய்வுக்கூடத்தில் அதைத் தினமும் செய்கிறார்கள். ஆனால் ஒரு மனிதன், ஒரு வீடு, ஒரு சாலை என்று கோடானுகோடி அணுக்கள் சம்பந்தப்பட்டுவிட்டால், பிரிந்த கிளைகளைச் சேர்த்து வைப்பது, கடலில் கரைத்த சீனியை அதே கரண்டியில் அதே மணிமணியாக எடுப்பதைவிடக் கஷ்டம்.

சரி, சமன்பாடு கொஞ்சம் மாறினால்? அதையும் கேட்டிருக்கிறார்கள். 1989இல் ஸ்டீவன் வைன்பெர்க், குவாண்டம் சமன்பாட்டில் ஒரு சின்னத் திருத்தம் இருக்கக்கூடுமா என்று முன்வைத்தார். அப்படி ஒரு திருத்தம் உண்மையாக இருந்தால் கிளைகளுக்கு நடுவே செய்தி அனுப்ப முடிந்துவிடும் என்று 1991இல் ஜோசப் போல்சின்ஸ்கி கணக்குப் போட்டுக் காட்டினார். அதற்கு "எவரெட் தொலைபேசி" என்றே பெயர். படிக்கும்போது எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது, அந்தத் தங்கச்சிக்கு ஏதோ கிடைத்துவிட்டது போல. ஆனால் அந்தத் திருத்தம் இருக்கிறதா என்று 1989இலேயே அமெரிக்காவில் பெரிலியம் அயனிகளை வைத்து மிக நுணுக்கமாகச் சோதித்துவிட்டார்கள். திருத்தத்தின் அடையாளம் எதுவும் அகப்படவில்லை. தொலைபேசி இருக்கிறது, கம்பிதான் இல்லை.

துளை வழியாகப் போனால்?

சினிமாவில் வரும் வழி இது. புழுத்துளை. இதைத் தாளில் வரைந்தவர்களில் ஐன்ஸ்டைனும் ஒருவர். 1935இல் அவரும் நேத்தன் ரோசனும், வெளியின் இரண்டு தாள்களை ஒரு பாலம் இணைப்பது போன்ற ஒரு தீர்வைச் சார்பியல் சமன்பாட்டில் கண்டார்கள். 1962இல் ராபர்ட் ஃபுல்லரும் ஜான் வீலரும் பாலத்தை இன்னும் கவனமாகப் பார்த்தார்கள். அது திறந்து மூடிவிடுகிறது. ஒளியே குறுக்கே போய்ச் சேருவதற்குள் மூடிவிடுகிறது. ஒளிக்கே இல்லாத நேரம் நமக்கு எங்கே?

மூடாமல் பிடித்து வைக்க முடியுமா என்று 1988இல் மைக்கேல் மோரிஸும் கிப் தோர்னும் கணக்குப் போட்டார்கள். கார்ல் சேகன் எழுதிய ஒரு நாவலுக்கு தோர்ன் உதவப் போய்த் தொடங்கிய வேலை அது. பதில் எளிது, ஆனால் கொடுமையானது. துளையின் வாயைத் திறந்து வைக்க எதிர்ம ஆற்றல் வேண்டும், அதாவது சூனியத்துக்கும் கீழே உள்ள ஆற்றல்.

ஏன் அப்படி? இங்கேதான் கல்கத்தாவைச் சேர்ந்த அமல் குமார் ராய்சௌதுரியின் சமன்பாடு வருகிறது. 1955இல் வெளியானது. சாதாரணப் பொருளும் ஆற்றலும் எங்கே இருந்தாலும், பக்கத்தில் போகும் கதிர்க்கட்டை ஒன்றை நோக்கி ஒன்று சாய வைக்கும், குவிக்கும். பென்ரோசும் ஹாக்கிங்கும் பிறகு போட்ட பெரிய தேற்றங்களுக்கு அஸ்திவாரம் இது. புழுத்துளைக்கு வேண்டியது இதற்கு நேர் எதிர். ஒரு பக்கத்தில் குவிந்து நுழையும் ஒளி மறுபக்கத்தில் விரிந்து வெளியே வரணும். குவிப்பதுதான் பொருளின் குணம் என்றால், விரிப்பதற்குப் பொருளின் எதிர்ப்பதம் வேண்டும். இயற்கையில் அப்படி ஒன்று துளியூண்டு இருக்கவும் செய்கிறது. இரண்டு உலோகத் தகடுகளை மிக நெருக்கமாக வைத்தால் நடுவில் ஆற்றல் சூனியத்துக்குக் கீழே போகும் என்று 1948இல் காசிமிர் கணித்தார். அதனால் வரும் இழுவிசையை 1997இல் துல்லியமாக அளந்துவிட்டார்கள். ஆனால் அந்த அளவை வைத்து ஓர் ஆள் நுழையும் வாயைத் தாங்குவது, மண்டபத்துக் கூரையை ஒரு மெழுகுவர்த்தித் திரியில் கட்டித் தொங்கவிடுவது மாதிரி.

சந்திரசேகர் மூடிய கதவு

இப்போது நம்ம ஆள். சுப்பிரமணியன் சந்திரசேகர். 1910இல் லாகூரில் பிறந்து சென்னையில் வளர்ந்த தமிழர், சர் சி.வி. இராமனின் அண்ணன் மகன். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்துவிட்டு 1930இல், 19 வயதில், இங்கிலாந்துக்குப் போகும் கப்பலில் உட்கார்ந்து, சூரியனைப் போல சுமார் 1.4 மடங்கு நிறைக்கு மேல் இருந்தால் ஒரு நட்சத்திரம் வெண்குள்ளனாக அடங்கி நிற்க முடியாது என்று கணக்குப் போட்டவர். 1935இல் இலண்டனில் எடிங்டன் அத்தனை பேர் முன்னால் அதைக் கேலி செய்தார். சந்திரசேகர் சண்டை போடவில்லை. வேறு வேலையில் இறங்கினார், 1937இல் சிகாகோ போனார். 1983இல் நோபல் பரிசு வந்தது. இதெல்லாம் உங்களுக்குப் பள்ளியிலேயே யாராவது சொல்லியிருப்பார்கள்.

அந்தப் பரிசுக்கு முந்தைய ஆண்டு அவர் செய்த ஒரு வேலையைப் பற்றி யாரும் சொல்வதில்லை. எனக்கும் இப்போதுதான் தெரியும்.

மின்னூட்டம் உள்ள கருந்துளை ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு வெளி எல்லை ஒன்று, உள் எல்லை ஒன்று, ஆக இரண்டு உண்டு. வெளி எல்லையைத் தாண்டினால் திரும்பி வர முடியாது. ஆனால் உள் எல்லையையும் தாண்டிப் போனால், சமன்பாட்டின்படி, நடுவிலிருக்கும் நசுக்கும் புள்ளியில் மாட்டாமல் ஒதுங்கிப் போய் இன்னொரு பக்கமாக வெளியே வரலாம். அங்கே வேறொரு வானம். வேறொரு பிரபஞ்சம். அதற்கு மேலே இன்னொன்று, அதற்கு மேலே இன்னொன்று என்று ஏணிப்படி மாதிரி வரைபடம் போய்க்கொண்டே இருக்கும். சுழலும் கருந்துளைக்கு ராய் கெர் 1963இல் கண்ட தீர்விலும் இதே மாதிரிப் படம் உண்டு. கட்டுக்கதை எழுதுகிறவர்கள் எல்லாரும் தொங்குவது இந்த ஏணியில்தான்.

1982இல் சந்திரசேகரும் ஜேம்ஸ் ஹார்ட்லும் சேர்ந்து, அந்த உள் எல்லையைத் தாண்டும் ஆளுக்கு என்ன நடக்கும் என்று கணக்கிட்டு, இலண்டன் ராயல் சொசைட்டியின் ஆய்விதழில் வெளியிட்டார்கள். அங்கே ஓர் ஆபத்து இருக்கிறது என்று பென்ரோஸ் முன்பே சுட்டிக் காட்டியிருந்தார். இவர்கள் அதைக் கடைசி வரைக்கும் கணக்காகப் போட்டார்கள்.

ஆபத்து இதுதான். போர்ட்டிக்சன் கடற்கரைச் சாலையில் மோட்டார்சைக்கிள் உங்களை நோக்கி வரும்போது சத்தம் கீச்சென்று கூடும், தாண்டிப் போனதும் தணியும். ஒளிக்கும் அப்படித்தான். நெருங்கி வரும் ஒளியின் அதிர்வு கூடும். நீலமாகும், புற ஊதா ஆகும், எக்ஸ் கதிர் ஆகும், இன்னும் மேலே போகும். உள் எல்லையை நெருங்கும் ஆளின் கடிகாரத்தில் கொஞ்ச நேரம்தான் மிச்சம் இருக்கிறது. ஆனால் அந்தக் கொஞ்ச நேரத்துக்குள், அவர் விட்டுவிட்டு வந்த வெளி உலகத்தின் எதிர்காலம் முழுக்க, கடைசி வரைக்கும், ஒளியாக அவரை வந்து சேருகிறது. ஆயுசு முழுக்க வரவேண்டிய கடிதங்களை எல்லாம் தபால்காரர் ஒரே நொடியில் தலையில் கொட்டுகிற மாதிரி. எவ்வளவு மங்கலான ஒளியாக இருந்தாலும், எல்லையைத் தொடும் கணத்தில் அதன் ஆற்றல் அளவில்லாமல் பெருகிவிடும் என்று அவர்கள் கணக்கு காட்டுகிறது. வழியாக இருந்த இடமே நெருப்புச் சுவராகிவிடும். 1990இல் பாய்சனும் இஸ்ரேலும் அந்த ஆற்றலே வெளியை எப்படிச் சிதைக்கும் என்று இன்னும் ஒரு படி மேலே போய்க் காட்டினார்கள்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது ஒன்று. ஏணி வரைபடத்தைக் கொடுத்ததும் சார்பியல்தான், ஏணியை எரித்ததும் அதே சார்பியல்தான். அங்கே போகிறவன் விட்டுவிட்டுப் போன உலகமே அவனைப் போகவிடாமல் தடுக்கிறது. கணக்கு அப்படி அமைந்திருக்கிறது. நான் இதற்கு வேதாந்தம் எதையும் கட்டப் போவதில்லை. சந்திரசேகர் தன்னை நாத்திகர் என்று சொல்லிக்கொண்டவர், அவரைப் பிடித்துக் கோயிலில் உட்கார வைப்பது மரியாதையும் இல்லை.

அப்படியானால் திருவண்டப்பகுதி?

திருவாசகத்தில் மூன்றாவதாக வருவது, 182 அடி. தொடக்கத்திலேயே அண்டங்கள் உருண்டை உருண்டையாகப் பரந்து நூற்றொரு கோடிக்கும் மேலே விரிந்து கிடக்கின்றன என்று வருகிறது. நான் அங்கேயே நிறுத்திவிட்டு "பாத்தீங்களா, அறிவியல்" என்று சொல்லிவிட்டேன். அடுத்த உவமையைப் படித்திருந்தால் வாயை மூடிக்கொண்டு இருந்திருப்பேன்.

என் பாட்டி தோட்டத்தில் பால் வெட்டியவர். லயத்து வீட்டில் பலகைச் சுவர். ஆணி விழுந்த ஓட்டை வழியாகக் காலை வெயில் உள்ளே நீளமாக விழும், அந்தக் கீற்றில் தூசி மினுக் மினுக்கென்று ஆடும். சின்ன வயதில் அதைப் பிடிக்கக் கையை நீட்டுவோம். மாணிக்கவாசகர் சொல்வது அதையேதான். வீட்டுக்குள் நுழையும் வெயில் கீற்றில் தெரியும் தூசி எவ்வளவு சிறியதோ, இறைவனுக்கு முன்னால் அத்தனை கோடி அண்டமும் அவ்வளவு சிறியது என்கிறார். அவர் அண்டத்தை எண்ணிக் கணக்குக் கொடுக்கவில்லை. எண்ணுக்கு மேலே ஒருவன் இருக்கிறான் என்று காட்ட எண்ணைச் சொல்கிறார். ஓர் அண்டத்திலிருந்து இன்னோர் அண்டத்துக்குப் போகும் வழி என்ற பேச்சே அந்த இடத்தில் இல்லை. போகப் போக அவர் வியப்பது, அவ்வளவு பெரியவன் எனக்கு எளியவனாக வந்தானே என்பதற்குத்தான்.

"நம்ம ஆளுங்க அப்பவே சொல்லிட்டாங்க" என்று சொல்வதில் இன்னொரு சிக்கலும் உண்டு. நாளைக்கே பிரபஞ்சம் ஒன்றுதான் என்று இயற்பியல் முடிவு கட்டினால் திருவாசகம் தப்பாகிவிடுமா? ஆகாதென்றால், இன்றைக்கு அறிவியலைக் காட்டி அதற்குச் சான்றிதழ் வாங்குவானேன்? மேடையில் இப்படிப் பேசினால் கைதட்டல் கிடைக்கும், எனக்கும் கிடைத்திருக்கிறது.

அந்தத் தங்கச்சியின் கேள்வி அப்படியே நம் நூல் ஒன்றில் இருக்கிறது, அது ஞானவாசிட்டம். லீலை என்ற அரசி. கணவன் பத்மன் இறந்துவிடுகிறான். அவன் உடலை மலருக்குள் வைத்துக் காத்து, சரசுவதியை வேண்டி, அவன் இன்னோர் உலகத்தில் விதூரதன் என்ற அரசனாக வாழ்வதைப் போய்ப் பார்க்கிறாள். பார்த்தால் அந்த உலகமும் இந்த அறைக்குள்ளேயே இருக்கிறது. தானும் கணவனும் வாழ்ந்த இந்த அரசே, ஓர் அந்தணரின் சின்ன வீட்டுக்குள், அவர் இறந்து எட்டே நாளுக்குள் தோன்றிய காட்சி என்று தெரிய வருகிறது. உலகத்துக்குள் உலகம், அதற்குள் இன்னோர் உலகம். விதூரதன் போரில் விழ, பத்மன் உயிர் பெற்று எழுகிறான்.

இதை அவளிடம் சொல்லலாமா வேண்டாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். எழுந்து உட்காரும் அரசனை மட்டும்தான் அந்தப் பிள்ளை பிடித்துக்கொள்வாள். அந்த நூல் சொல்ல வருவதோ வேறு. லீலை தன் உடம்போடு அங்கே போகவில்லை, தியானத்தில் உடம்பை விட்டுவிட்டுத்தான் போகிறாள். கடைசியில் அவள் அறிந்துகொள்வது அந்த உலகத்தைப் பற்றி மட்டும் இல்லை, இந்த உலகமும் மனத்தின் தோற்றம்தான் என்பதை. எங்கள் சமய ஆசிரியரிடம் கேட்டேன். "கதைய பாதியில நிறுத்தாத தம்பி. முழுசா சொல்ல முடியாட்டி இப்போதைக்குச் சொல்லாத" என்றார். சொல்லவில்லை. அவள் கொஞ்சம் பெரியவள் ஆகட்டும்.

போன ஞாயிற்றுக்கிழமை

மண்டபத்துத் திண்ணையில் உட்கார்ந்து, பழைய காலண்டர் தாளின் பின்பக்கத்தில் படம் போட்டு அவளுக்குச் சொன்னேன். அவள் அம்மாவும் பக்கத்தில் இருந்தார். நாசா கதை பொய், நான் சொன்னது தப்பு என்று முதலில் சொன்னேன். படுத்துக்கொண்டு எண்ணும்போது தெரிவது அரைத் தூக்கத்துக் கனவு, அதில் அப்பா வந்தால் வரட்டும், ஆனால் அதற்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளாதே என்றேன். பிறகு எவரெட், பாலம், சந்திரசேகர் எல்லாம்.

அவள் கேட்டாள்: "அப்ப வேற உலகமே இல்லையா அண்ணே?"

தஞ்சோங் துவான் கலங்கரை விளக்கப் பக்கம் கையைக் காட்டினேன். அதுவே ஒரு வேடிக்கையான இடம், நெகிரி செம்பிலானுக்குள் இருந்தாலும் மலாக்காவுக்குச் சேர்ந்த மண். ஒவ்வொரு வருஷமும் மார்ச் மாத வாக்கில் சுமத்ராவிலிருந்து தேன் பருந்துகள் நீரிணையைத் தாண்டி அங்கே வந்து இறங்கும், ஏறக்குறைய 40 கிலோமீட்டர் கடல். நான் சுமத்ராவுக்குப் போனதே இல்லை. கரையிலிருந்து பார்த்தால் பல நாள் அது கண்ணுக்கும் தெரியாது. ஆனால் அங்கேயிருந்து பறவை வருகிறது, அதனால் அது இருக்கிறது என்று எனக்குத் தெரியும். "வேற பிரபஞ்சம் இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். அங்கேயிருந்து இதுவரைக்கும் ஒரு பறவைகூட வந்ததில்ல. இங்கேயிருந்து ஒருத்தர் போகவும் வழி இல்ல. யாராவது இருக்குன்னு சொன்னா, என்ன வந்துச்சுன்னு கேளு" என்றேன்.

அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. காலண்டர் தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள்.

"அன்னைக்கு நீங்க ஆமான்னு சொன்னதும் நான் ஓடிப் போய் அம்மாகிட்ட சொன்னேண்ணே" என்றாள். அவள் அம்மா வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். நான் மன்னிப்புக் கேட்டேன்.

அப்புறம்தான் கேட்டாள், "அந்தப் பருந்த நாமளும் போய்ப் பாக்கலாமா?"

மார்ச் மாதத்தில் ஒரு சனிக்கிழமை காலை தஞ்சோங் துவானுக்குப் போவதாக இருக்கிறோம். வெயில் ஏறினால்தான் பருந்துகள் வரும் என்பதால் மதியம் வரை இருக்க வேண்டிவரும், தொப்பியும் தண்ணீரும் கட்டாயம். வேனில் இருபது பேருக்குத்தான் இடம். வருகிறவர்கள் வகுப்பில் பெயர் கொடுங்கள். முதல் இரண்டு இடம் ஏற்கெனவே போய்விட்டது.